நானூறு வாளியும் ஒரு நம்மாளும்

எங்கிருந்தோ வந்து, கடை போட்டு, கடையைக் கம்பெனியாக்கி, கம்பெனியில் காசு கொட்டத் தொடங்கியதும் ஒருநாள் காலை கண்ணாடி முன்னால் நின்று டையை இறுக்கிக்கொண்டே, “நம்மை விட்டால் இந்த ஊருக்கு யார் இருக்கிறார்கள்?” என்று தன்னைத்தானே கேட்டுக்கொள்கிற பிறவி ஒன்று உண்டு. நீங்கள் பார்த்திருப்பீர்கள். பார்க்கவில்லை என்றால் உங்கள் ஊரில் இன்னும் தேர்தல் அறிவிக்கவில்லை என்று அர்த்தம்.

இந்தப் பிறவியை அடையாளம் காண்பது சுலபம். ஊர்க்காரன் “நாசமாப் போன ஊரு” என்று துப்புகிற இடத்தில் இவர் “நம்ம ஊரு மாதிரி வருமா!” என்று நெஞ்சில் கை வைப்பார். தேசிய கீதம் பாடினால் ஊர்க்காரன் செல்போனை நோண்டுவான். இவர் இரண்டாவது சரணத்தில் கண்ணைத் துடைப்பார். ஊர்க்காரனுக்கு இரண்டாவது சரணம் இருப்பதே தெரியாது. கல்யாணத்தில் மேளம் தொடங்கும் முன்பே வட்ட நடனத்துக்குக் கையை நீட்டி நிற்பார். மூன்று தலைமுறையாகப் பிளம் சாராயம் காய்ச்சுகிறவனின் கொட்டகைக்கே போய், “நம்ம பழைய முறைப்படி ரெண்டு தடவை காய்ச்சணும், மறந்துடாதீங்க” என்று பாடம் எடுப்பார். அவனும் தலையாட்டுவான். வேறென்ன செய்வான்? அவன் வீட்டு ஜன்னல் இவர் போட்டுக் கொடுத்தது.

ஆமாம், ஜன்னல். தலைநகர் புக்கரெஸ்ட் எட்டிப் பார்க்காத எங்கள் கிர்லெஷ்டி ஊரில் இருக்கிற மாதிரிப் பிரதி ஒரு ஜன்னல் வியாபாரி. அசல் பெயர் ஃபவ்வாஸ் தப்பூஸ், சிரியாவில் ஹோம்ஸ் நகரத்துக்காரர். எண்பத்தாறாம் வருடம் விவசாயம் படிக்க ஒரே ஒரு பெட்டியோடு பக்கத்து நகரமான க்ரயோவாவில் வந்து இறங்கி, மூன்று வருடம் கோதுமையைப் பற்றிப் படித்து, ஒருநாள்கூட வயலில் கால் வைக்காமல், கம்யூனிஸ்ட் ஆட்சி கவிழ்ந்த மறு மாதமே கார் டிக்கியைத் திறந்து ஜீன்ஸ் விற்று, ஜீன்ஸிலிருந்து சூயிங் கம்முக்கும் அதிலிருந்து காப்பித்தூளுக்கும் காப்பித்தூளிலிருந்து பிளாஸ்டிக் செருப்புக்கும் தாவி, கடைசியில் இரட்டைக் கண்ணாடி ஜன்னலில் வந்து காலூன்றினார். இன்று ஊரில் பாதிப் பேர் குளிரில்லாமல் தூங்குவது இவர் புண்ணியத்தில். ஃபவ்வாஸ் என்ற பெயர் வாயில் நுழையவில்லை என்று யாரோ ‘ஃபனிகா’ என்றார்கள். எங்கள் பக்கத்து ஸ்டெஃபான்களைச் செல்லமாகக் கூப்பிடுகிற பெயர் அது. விடுவாரா மனிதர்? மறுவாரமே கடைப் பலகையில் ஏற்றிவிட்டார்.

இன்னும் ஒரு லட்சணம் பாக்கி. கொஞ்ச வருடங்களாக நேபாளத்திலிருந்தும் இலங்கையிலிருந்தும் ஆட்கள் வந்து கட்டட வேலை, ரொட்டிக்கடை வேலை செய்கிறார்கள் அல்லவா? அவர்களைப் பார்த்து ஊரில் முதலில் கவலைப்பட்டவர் யார் என்று நினைக்கிறீர்கள்?

“இப்படி வெளியாளுங்க வந்து குவிஞ்சா நம்ம கலாசாரம் என்னடா ஆகும்?” என்று என்னிடம் கேட்டார் ஃபனிகா. உச்சரிப்பில் ஹோம்ஸ் வாசனை இன்னும் போகவில்லை. கவலை மட்டும் சுத்தமான ஊர்க் கவலை.

என்னிடம் ஏன் கேட்டார் என்கிறீர்களா? ஊரில் ஒரே அச்சாபீஸ் என்னுடையது. கல்யாணப் பத்திரிகை, தேர்தல் போஸ்டர், மரண அறிவிப்பு மூன்றும் என் மெஷினில்தான் ஓடும். ஒரே ஆளுக்கு மூன்றும் அடித்திருக்கிறேன். ஐந்து முறை தொடர்ந்து ஜெயித்த மேயர் த்ரகோமிரை எதிர்த்து நிற்பது என்று முடிவு செய்த அன்று, ஃபனிகா நேரே என்னிடம் வந்து காகிதக் கட்டின் மேல் உட்கார்ந்தார்.

“உங்களுக்கு எதுக்குண்ணே இந்தத் தலைவலி? ஜன்னல் நல்லாத்தானே போகுது?” என்றேன்.

“மேயர் நாற்காலி யாருக்குடா வேணும்? என் ஆபீஸ் நாற்காலி அதைவிடப் பெருசு” என்றார். பிறகு குரலைத் தாழ்த்தினார். “அந்த ஓட்டுப் பெட்டியைக் கவுத்தா, உள்ளேருந்து ‘நம்மாளு’ன்னு ஒரு வார்த்தை விழணும். அவ்வளவுதான். அதுக்கப்புறம் ராஜினாமா பண்ணச் சொன்னாக்கூடப் பண்ணிடுவேன்.”

பாவம். சும்மா சொல்லவில்லை அவர். வீடு இருந்தது, மூன்று கார் இருந்தது, ஊர்க்காரி மனைவி இருந்தாள், ஸ்பெயினில் மகள் இருந்தாள், அந்தச் சொல் மட்டும் இல்லை. அதைத் தரவேண்டியவர் பக்கத்து வீட்டு ஃப்ளோரியா அக்கா. ரயில்வேயில் டிக்கெட் கொடுத்து ஓய்வு பெற்றவர். இன்னமும் உலகத்தைக் கவுன்ட்டர் கம்பிக்குப் பின்னாலிருந்தே பார்ப்பவர். அந்த அம்மாள் ஒருவரை என்ன சொல்லிக் கூப்பிடுகிறாரோ, ஊர் அதைத்தான் கூப்பிடும். இவரை அவர் கூப்பிடுவது ‘சிரியாக்காரன்’.

“அக்கா, இருபத்தாறு வருஷமா உங்க பக்கத்து வீட்டுல இருக்கேன்” என்று ஒருநாள் வேலிக்கு மேல் தலையை நீட்டிக் கெஞ்சினார்.

“இருந்தா? என் வீட்டுக்காரர் என்கூட நாப்பது வருஷம் இருந்தாரு. கடைசி வரைக்கும் கலஃபத் ஊர்க்காரர்தான்.”

“இப்ப?”

“இப்ப நம்ம கல்லறையில இருக்காரு. இப்ப நம்மாளுதான்.”

இதைக் கேட்டு அவர் எச்சரிக்கையாகியிருக்க வேண்டும். ஆகவில்லை. இந்தப் பிறவிக்குக் காது உண்டு, ஆனால் அது கைதட்டல் கேட்க மட்டும்தான்.

போஸ்டர் அடித்தோம். எங்கள் ஒல்தேனியாப் பக்கத்துக்காரர்கள் லீக்ஸ் என்கிற பெரிய வெங்காயத்தாளைத் தின்கிறவர்கள் என்று நாடே கேலி செய்யும். அதனால் ஃபனிகா ஒரு முழ நீள லீக்ஸ் தண்டைப் பச்சையாகக் கடித்துக்கொண்டு போட்டோவுக்கு நின்றார். கண்ணில் தண்ணீர் கொட்டியது. ஊரில் யாரும் அதை அப்படி வெறும் வாயில் கடிப்பதில்லை, ஐயா. ஆனாலும் காற்று அவர் பக்கம்தான் அடித்தது. சாலையைச் சரிசெய்வார், வேலை கொடுப்பார், திருடத் தேவையில்லாத அளவுக்கு ஏற்கெனவே வைத்திருக்கிறார் என்று காப்பிக் கடையில் பேசிக்கொண்டார்கள். மேயர் த்ரகோமிர் மேஜை டிராயரைக் காலி செய்யத் தொடங்கிவிட்டதாகக்கூடச் சேதி வந்தது.

அங்கேயே நிறுத்தியிருக்கலாம். நிறுத்தினால் அவர் இந்தப் பிறவியே இல்லையே! புக்கரெஸ்டிலிருந்து ஓர் ஆலோசகரைத் தருவித்தார். ரஸ்வான் என்று பெயர். கூர்மையான ஷூ, ஷூவுக்குள் சாக்ஸ் கிடையாது. ஊரைக் காரிலேயே பத்து நிமிடம் சுற்றிப் பார்த்துவிட்டு என் கடைக்கு வந்தார்.

“வீட்டுக்கு ஒரு பரிசு குடுக்குறோம் சார். இங்க கிணத்துத் தண்ணி, அதனால ஒரு வாளி. வாளிக்குள்ள ஒரு துண்டு, பொம்பளைங்களுக்குப் பிடிக்கும். ஒரு குவளை, ஆம்பளைங்களுக்குப் பிடிக்கும். ஒரு வட்ட ரொட்டி, பாரம்பரியம். மழை வந்தா கரண்டு போகுதாமே? ஒரு மெழுகுவர்த்தி, தீப்பெட்டியோட!”

“பலே!” என்று ஃபனிகா தொடையில் தட்டினார். தேர்தல் சட்டம் வாளியைத் தடை செய்கிறதே என்றேன். வாளி இல்லை, ‘கைப்பிடியுள்ள விளம்பரப் பொருள்’ என்றார் ரஸ்வான். வெளியே ஒட்டுவதற்கு ஸ்டிக்கர்: ஃபனிகாவின் சிரித்த முகம், கீழே ‘என்றென்றும் உங்களோடு’ என்ற வாசகம். அதே வாசகத்தைப் போன வாரம்தான் வேறொருவருக்குக் கறுப்பு பார்டர் போட்டு அடித்திருந்தேன். எழுத்துக்களைக்கூட மாற்ற வேண்டியிருக்கவில்லை.

இந்த இடத்தில் நான் ஒன்று சொல்ல வேண்டும். எங்கள் பக்கத்தில் இறந்தவரின் ஆத்மாவுக்காகக் கொடுக்கிற தானத்துக்குப் பொமானா என்று பெயர். என்ன கொடுப்போம் தெரியுமா? ஒரு வாளி. உள்ளே ஒரு துண்டு, ஒரு குவளை, ஒரு வட்ட ரொட்டி, ஒரு மெழுகுவர்த்தி. வாங்குகிறவர் நன்றி சொல்லக் கூடாது. யாருடைய ஆத்மாவுக்கு என்று கேட்க வேண்டும். பெயரைச் சொன்னதும், “ஆண்டவர் அவரை மன்னிக்கட்டும்” என்று சிலுவை போட்டு மெழுகுவர்த்தியை ஏற்ற வேண்டும். அதிலும் பெந்தகோஸ்தே பண்டிகைக்கு முந்தைய சனிக்கிழமை இறந்தவர்களுக்கே உரிய நாள். அன்று ஊர் முழுக்க வாளி கைமாறும். ரஸ்வான் எந்த நாளைக் குறித்தார் என்று கேட்கவே வேண்டாம். அன்று எல்லோரும் வீட்டில் இருப்பார்கள் என்று யாரோ சொன்னார்களாம்.

ஃபனிகாவின் மனைவி தொய்னா ஊரில் இருந்திருந்தால் முதல் வாளியிலேயே கூச்சல் போட்டிருப்பாள். அவள் மகளின் பிரசவத்துக்கு ஸ்பெயின் போயிருந்தாள். ஃபனிகா இத்தனை வருடத்தில் எத்தனையோ பொமானா வாளி வாங்கியிருக்கிறாரே, அவருக்குத் தெரியாதா என்பீர்கள். வாங்கினால் ஆயிற்றா? உள்ளே பார்க்க வேண்டாமா? வாங்கிய கையோடு டிரைவரிடம் கொடுத்துவிட்டு, கொடுத்தவரின் ஜன்னலைத்தான் பார்ப்பார். எனக்கு இந்த வழக்கம் தெரியும். நானூறு ஸ்டிக்கர் அடித்தேன். வாயைத் திறக்கவில்லை. ஏனென்று பிறகு சொல்கிறேன்.

சனிக்கிழமை காலை முதல் வாளி ஃப்ளோரியா அக்காவுக்கு. மீதி ஸ்டிக்கரோடு நானும் பின்னால் நின்றேன்.

அக்கா வாளியை வாங்கினார். உள்ளே எட்டிப் பார்த்தார். துண்டைத் தொட்டார், மெழுகுவர்த்தியை எடுத்தார், முகம் மாறியது.

“யாரோட ஆத்மாவுக்கு?”

ஃபனிகாவுக்கு இந்தக் கேள்வி ஏதோ ஊர் மரியாதை என்று தோன்றிவிட்டது. மலர்ந்து போனார்.

“என்னோடதுக்குத்தான் அக்கா! வேற யாருக்கு? முழு மனசோட குடுக்குறேன்!”

அக்கா ஸ்டிக்கரைப் பார்த்தார், அவரைப் பார்த்தார், மெதுவாகச் சிலுவை போட்டுக்கொண்டார்.

“ஆண்டவர் உன்னை மன்னிக்கட்டும் தம்பி.”

“ரொம்ப நன்றி அக்கா!”

“டாக்டர் என்ன சொன்னாரு?”

“டாக்டரா? அவரும் நமக்குத்தான் ஓட்டு!” என்று சிரித்துக்கொண்டே அடுத்த வீட்டுக்கு ஓடினார். இருபத்தாறு வருடத்தில் முதல் தடவையாக அந்த அம்மாள் அவரைத் தம்பி என்றதை என் தோளைப் பிடித்துக் குலுக்கிக் குலுக்கிச் சொன்னார்.

மத்தியானத்துக்குள் தெருத் தெருவாக வாசற்படியில் வாளி, வாளிக்குள் மெழுகுவர்த்தி, வெளிச்சத்தில் நானூறு ஃபனிகாக்கள் பல்லைக் காட்டிக்கொண்டு ‘என்றென்றும் உங்களோடு’ இருந்தார்கள். பட்டப்பகலில் கரண்டு இருக்கும்போதே ஏற்றுகிறார்களே என்று ரஸ்வானுக்கு ஒரே பெருமை. வீடியோ எடுத்துத் தள்ளினார். இரண்டு மணிக்குக் கோயில் மணிக்காரர் வந்து, எத்தனை தடவை அடிக்கட்டும் என்று பணிவாகக் கேட்டார். மூன்று மணிக்கு மேயரிடமிருந்து மலர் வளையம் வந்தது. நகராட்சிக் கட்டடத்தில் கொடி அரைக்கம்பத்தில் நின்றது. கேட்டதற்கு, துவைக்க இறக்கினோம், பாதியில் கயிறு சிக்கிவிட்டது என்றார்கள். நாலு மணிக்கு ஸ்பெயினிலிருந்து தொய்னா போன் செய்தாள்.

“நீ செத்துட்டியாமே! மூணு பேரு கூப்பிட்டு அழுறாங்க! எனக்கு ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?”

அப்போதுதான் ஃபனிகாவுக்கு எல்லாம் விளங்கியது. அவள் போனிலேயே திட்டித் திட்டி விளக்கினாள். ரஸ்வான் புக்கரெஸ்டில் அவசர வேலை என்று கிளம்பினார். அவசரத்தில் ஒரு வாளியையும் எடுத்துப் போனார். ஃபனிகா என் கடைக்கு வந்து அதே காகிதக் கட்டின் மேல் தொப்பென்று உட்கார்ந்தார்.

“உனக்குத் தெரியுமாடா?”

“தெரியும்ணே.”

“ஏன் சொல்லல?”

“நீங்க கேக்கல. எங்க வழக்கத்தையெல்லாம் இத்தனை வருஷமா நீங்கதானே எங்களுக்குச் சொல்லித் தர்றீங்க?”

அவர் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும். கையிலிருந்த ஸ்டிக்கரைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“காரியம் பண்ணிட்டாங்கடா எனக்கு. இந்த ஊருல நான் இன்னும் பொறக்கவே இல்லையே.”

நான் திரும்பி, ஓடாத மெஷினைத் துடைக்கத் தொடங்கினேன். 

மறுநாள் ஞாயிறு பூசை முடிந்ததும் கோயில் வாசலில் மேயர் த்ரகோமிர் கூட்டத்தைக் கூட்டிவிட்டார். ஃபனிகா ஓரமாக, தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார்.

“என்ன ஜனங்களே, அடுத்த ஞாயித்துக்கிழமை பொணத்துக்கா ஓட்டுப் போடப் போறீங்க?” என்றார் மேயர். “தனக்குத் தானே பொமானா குடுத்துக்கிட்டாரு நம்ம சிரியாக்காரரு! இதெல்லாம் வெளியாளுக்கு எப்படித் தெரியும்!”

கூட்டம் சிரித்தது. சிரிப்பு ஃப்ளோரியா அக்காவிடம் வந்ததும் நின்றது.

“வாயை மூடு த்ரகோமிர்” என்றார் அக்கா. “உயிரோட இருக்கும்போதே தனக்குப் பொமானா குடுக்குறது இங்க இல்லாத வழக்கமா? எங்கம்மா அம்பது வயசுல குடுத்தா. நீ குடுத்திருக்கியா? அஞ்சு தடவை மேயரு, அஞ்சு குவளை குடுத்திருக்கியா? போற நேரம் தெரிஞ்சுபோச்சு அந்தப் புள்ளைக்கு. நினைச்சா அவங்க ஊருக்குப் போயிருக்கலாம். போகல. இந்த மண்ணுல படுக்கிறேன்னு நானூறு வீட்டுப்படி ஏறிச் சொல்லிட்டாரு. அவரு நம்மாளு. இனிமே எவனாவது சிரியாக்காரன்னு சொன்னா நாக்கை அறுத்துடுவேன்.”

நம்மாளு! கூட்டம் தொப்பியைக் கழற்றியது. பாதிரியார் தலையசைத்தார். ஒவ்வொருவராக வந்து ஃபனிகாவின் கையைப் பிடித்து, “தைரியமா இருங்க” என்றார்கள். அவருக்கு வாய் திறந்தது. ‘எனக்கு ஒன்றுமில்லை, கல்லு மாதிரி இருக்கிறேன்’ என்று சொல்லத்தான் திறந்தது. என்னைப் பார்த்தார். கூட்டத்தைப் பார்த்தார். அக்காவைப் பார்த்தார்.

இருமினார்.

லேசாகத்தான். ஆனால் அந்த வாரம் முழுக்க இருமினார். கூட்டத்துக்குத் தடி ஊன்றி வந்தார், மேடைப் படியில் இரண்டு தடவை நின்று மூச்சு வாங்கினார், லீக்ஸைத் தொடவில்லை. வீட்டுக்கு வீடு சூப் வந்தது. சாராயக் கொட்டகைக்காரன் மூன்று முறை காய்ச்சியதை மருந்துக்கென்று கொண்டுவந்தான். பாதிரியார், கல்லறைத் தோட்டத்தில் ஃப்ளோரியா அக்கா வீட்டுக்காரருக்குப் பக்கத்திலேயே நல்ல மேடான இடமாக, தண்ணீர் தேங்காத இடமாக ஒதுக்கித் தந்தார். ஃபனிகா போய் நின்று பார்த்துவிட்டு வந்து, “நீளம் போதும்டா” என்று என்னிடம் கண் கலங்கினார். அப்படியொரு சந்தோஷத்தை அவர் முகத்தில் நான் பார்த்ததே இல்லை. ஜெயம் உறுதி என்று நன்றி அறிவிப்புப் போஸ்டருக்கும் ஆர்டர் கொடுத்தார்.

ஞாயிறு ஓட்டு எண்ணினார்கள். த்ரகோமிர் இரண்டாயிரத்து எண்பது. ஃபனிகா முப்பத்தேழு.

முப்பத்தேழு! வாளியே நானூறு. தடியைக்கூட மறந்துவிட்டு ஃப்ளோரியா அக்கா வீட்டுக்கு ஓடினார். நானும் பின்னாலேயே ஓடினேன். அக்கா முற்றத்தில் கோழிக்குத் தீனி போட்டுக்கொண்டிருந்தார்.

“நீங்களுமா அக்கா? நீங்களும் அந்தத் திருடனுக்கா போட்டீங்க?”

“பின்ன? கடைசி காலத்துல உன்னைக் கொண்டுபோய் அந்தச் சாக்கடையில தள்ளச் சொல்றியா? ரோடு, தண்ணி, சண்டைன்னு ஊரே உன் உயிரை வாங்கும். வேற யாரோன்னா போட்டிருப்போம், எவனா இருந்தா எனக்கென்ன? நீ நம்மாளு ஆச்சே, தம்பி. மனசு வரல. ஊருல யாருக்குமே மனசு வரல.”

 ஃபனிகா வெடித்தார். “எனக்கு ஒண்ணுமே இல்லக்கா! நல்லா இருக்கேன்! இன்னும் முப்பது வருஷம் இருப்பேன்!”

அக்காவின் கை தீனித் தட்டில் நின்றது. கண் இடுங்கியது. டிக்கெட் கவுன்ட்டர் கம்பி இறங்குவதை நானே பார்த்தேன்.

“ஒண்ணுமில்லையா? அப்போ அந்த வாளி?”

 ஒரு பக்கம் உண்மை, முப்பது வருட ஆயுள், அடுத்த தேர்தல். இன்னொரு பக்கம் ஒரே ஒரு சொல். நீங்கள் என்ன செய்திருப்பீர்கள்?

அவர் இருமினார். அடிவயிற்றிலிருந்து, அருமையாக இருமினார். அக்கா ஓடிப்போய் நாற்காலி கொண்டுவந்தார். இது நடந்து மூன்று வருடமாகிறது. இன்றும் தெருவில் யாராவது எதிரே வந்தால் ஃபனிகா இருமுகிறார், அவர்களும் அன்போடு வழிவிடுகிறார்கள்.

சரி, நான் ஏன் வாய் திறக்கவில்லை என்று சொல்வதாகச் சொன்னேன். அவர் கேட்கவில்லை என்றது பொய். பொறாமை, ஐயா, பச்சைப் பொறாமை. இவ்வளவு நேரமும் ‘எங்கள் ஊர்’, ‘எங்கள் பக்கம்’ என்று நான் எத்தனை முறை சொன்னேன், எண்ணினீர்களா? நான் மலைக்கு அந்தப் பக்கம், சிபியுவில் பிறந்தவன். முப்பத்தொரு வருடமாக இந்த ஊரில் அச்சாபீஸ். ஃப்ளோரியா அக்காவுக்கு நான் இன்னும் ‘அந்த மலைக்காரன்’தான். எனக்குக் கிடைக்காத சொல் ஒரு ஜன்னல் வியாபாரிக்குக் கிடைத்துவிடுமோ என்று பயந்துதான் நானூறு ஸ்டிக்கரையும் பொத்திக்கொண்டு அடித்தேன். கிடைத்துவிட்டது பாருங்கள். அடுத்த வருடம் தேர்தல்; கவுன்சிலுக்கு நிற்கலாம் என்று இருக்கிறேன். காலையில் டை கட்டும்போது தோன்றியது.

நீங்கள் ஏன் சிரிக்கிறீர்கள்? குடியேறிய ஊரில் பிறந்தவனைவிட உரக்க ‘நம்ம ஊரு’ என்று நீங்கள் சொன்னதே இல்லையா? உங்களுக்கு அப்புறம் வந்தவனைப் பார்த்து ‘வெளியாளுங்க ஜாஸ்தியாயிட்டாங்க’ என்று பெருமூச்சு விட்டதில்லையா? குடியிருப்போர் சங்கத் தலைவர் பதவிக்கு யாரோ உங்கள் பெயரைச் சொன்னபோது, வேண்டாம் வேண்டாம் என்றுகொண்டே சட்டைக் காலரைச் சரிசெய்துகொள்ளவில்லையா?

இருமலா வருகிறது? பரவாயில்லை, கூச்சப்படாதீர்கள். மெஷின் காலியாகத்தான் இருக்கிறது. சிரித்த முகமாக ஒரு போட்டோ அனுப்புங்கள். வாசகம் ஏற்கெனவே அச்சுக் கோத்தபடியே இருக்கிறது.